கயிற்றில் இறங்கிய ஸ்டூ

பலெர்மோ விமான நிலையத்தில் என் பெட்டிக்கு முன்பே என் உருளைக்கிழங்குகள் வந்துவிட்டன. முதலில் ஒன்று, அதன் பின்னால் இரண்டு, கொஞ்சம் இடைவெளி விட்டு ஐந்தாறு என்று கறுப்பு ரப்பர் பட்டையில் சுற்றி வந்தன. கடைசியாக வாயைப் பிளந்தபடி பெட்டி வந்தது. பக்கத்தில் நின்ற ஒரு சிசிலிக்காரர் தன் பெட்டியை மறந்துவிட்டு எனக்காகக் கிழங்கு பொறுக்கத் தொடங்கினார். ஒவ்வொன்றையும் சட்டையில் துடைத்து, மணந்து பார்த்து என் கையில் தந்தார். எந்த ஊர்க் கிழங்கு என்று சைகையால் கேட்டார். "டப்ளின்" என்றேன். அவர் என் தோளைத் தட்டிக்கொடுத்த விதத்தைப் பார்த்தால் என் வீட்டில் யாரோ செத்துப்போனது போல இருந்தது.

மூன்று கிலோ கொண்டுபோனேன். மீண்டது பதினொரு கிழங்கு.

நான் டப்ளினில் ஒரு முதியோர் இல்லத்தில் பதினெட்டு வருடமாகச் சமையல்காரன். ஒவ்வொரு புதன்கிழமையும் எழுபது பேருக்கு மாட்டிறைச்சி ஸ்டூ செய்கிறேன். உண்மையான ஐரிஷ் ஸ்டூ ஆட்டிறைச்சியில்தான் என்று அங்கே ஒரு கட்சி உண்டு. மாடுதான் என்று இன்னொரு கட்சி. தொண்ணூறு வயதில் கரண்டியை நீட்டிச் சண்டை போடுவார்கள். நான் இரண்டு கட்சிக்கும் தலையாட்டிவிட்டு மாட்டைப் போட்டுக் காய்ச்சுவேன்.

என் தங்கை வாசுகி பலெர்மோவில் இருக்கிறாள். அவள் கணவன் தவம் ஒருநாள் தொலைபேசியில் கூப்பிட்டான்.

"மச்சான், நீங்கள் ஒருக்கா இஞ்சை வரவேணும். எனக்கு உந்த ஐரிஷ் ஸ்டூ காய்ச்சப் பழக்கவேணும்."

தவம் ஆறு வருடமாக ஓர் உணவகத்தில் கோப்பை கழுவுகிறான். சாப்பாட்டுத் தட்டை யாழ்ப்பாணத்தார் கோப்பை என்போம். அரைநாள் வேலை. மற்ற அரைநாளில் மாடிக்கட்டடங்களில் படிக்கட்டு கூட்டித் துடைக்கிறான். உணவகத்து முதலாளி பீனா என்ற அம்மாள். அவர்களுடைய சமையல்காரர் ஜேர்மனிக்குப் போய்விட்டார். மகளோ அயர்லாந்துக்காரன் ஒருவனைக் கட்டியிருக்கிறாள். குளிர்காலத்துக்கு ஒரு ஐரிஷ் ஸ்டூ போட்டால் என்ன என்று பீனாவுக்கு யோசனை. தவம் நான் சமைக்கிறேன் என்று கையை உயர்த்திவிட்டான். "சரி, ஞாயிறு மதியம் என் குடும்பத்துக்குச் சமைத்துப்போடு. மருமகன் சரி என்றால் அடுப்பு உன்னுடையது. முழுநாள் கொந்தராத்தோ எழுதித் தருகிறேன்" என்று பீனா சொல்லிவிட்டார். முழுநாள் வேலைப் பத்திரம் கையில் இருந்தால் பெர்மெசோ என்கிற வதிவிட அனுமதியைப் புதுப்பிக்கும்போது அந்த அலுவலகத்தில் கெஞ்சிக்கொண்டு நிற்கத் தேவையில்லை. படிக்கட்டுகளையும் விட்டுவிடலாம்.

சிக்கல் ஒன்றே ஒன்றுதான். தவம் பிறந்த நாளிலிருந்து மாட்டிறைச்சியை வாயில் வைத்தவனில்லை. வைக்கப்போவதுமில்லை.

செவ்வாய்க்கிழமை பின்னேரம் தங்கை வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தேன். பல்லரோ சந்தைக்குப் பின்னால், மூன்றாம் மாடி, லிப்ட் கிடையாது. அவள் வீட்டுக்கு நான் போவது இதுதான் முதல்தடவை. வாசுகி கட்டிப்பிடித்து அழுதாள், சிரித்தாள், மெலிந்துவிட்டேன் என்றாள். நான் மெலிந்து முப்பது வருடமாகிறது. புட்டும் கத்தரிக்காய்க் குழம்பும் சம்பலும் வைத்தாள். அவள், தவம், மகள் மூவருக்கும் எவர்சில்வர் தட்டு. எனக்கு மட்டும் காகிதத் தட்டு. இந்த ஊரில் தண்ணீர் முறை வைத்துத்தான் வரும் என்று கேள்விப்பட்டிருந்தேன். ஒரு தட்டுக் கழுவுவதை மிச்சம் பிடிக்கிறாள் போலும் என்று நினைத்து, சிக்கனக்காரி என்று மனதுக்குள் மெச்சிக்கொண்டேன்.

சாப்பாடு முடிந்ததும் சட்டம் வாசிக்கப்பட்டது.

"அண்ணை, ஒண்டு சொல்லிப்போட்டன். உந்த இறைச்சி என்ரை குசினிக்குள்ளை வரக்கூடாது. சாமிப்படம் இருக்கிற வீடு. பல்கனியிலை வைச்சுக் காய்ச்சுங்கோ. சட்டி புதுசா வாங்குங்கோ. ஞாயிற்றுக்கிழமை போகேக்கை சட்டியும் உங்களோடை போகவேணும்."

"அகப்பை?"

"அகப்பையும்தான்."

புதன்கிழமை பல்லரோவில் சட்டி வாங்கினோம். அந்தச் சந்தையில் விலை சொல்வதில்லை, பாடுகிறார்கள். வாள்மீனின் தலையை வாள் மேலே நிமிர்ந்து நிற்கும்படி வைத்துவிட்டு அதன் பின்னால் நின்று ஒருவன் கத்துகிறான். எதிரே தக்காளிக்காரன் அவனுக்கு மேலே கத்துகிறான். டப்ளினில் கடைக்காரன் என்னோடு பேசுவது வானிலையைப் பற்றி மட்டும்தான். நாலு கடை தள்ளி மொரிஷியஸ் தமிழர் ஒருவரின் பலசரக்குக் கடை. கறிவேப்பிலை, முருங்கைக்காய் எல்லாம் இருந்தன. தவம் அங்கே ஒரு சிறு பொட்டலம் மஞ்சள்தூள் வாங்கிச் சட்டைப்பையில் போட்டான். வீட்டுக்கு என்று நினைத்தேன். கேட்டிருக்க வேண்டும்.

இறைச்சிக் கடையில் மாட்டின் தோள்பகுதி கேட்டோம். கடைக்காரர் என்ன சமையல் என்று விசாரித்தார். தவம் சொன்னான். கறுப்பு பியர் ஊற்றுவோம் என்று கேட்டதும் அவர் கத்தியைக் கீழே வைத்துவிட்டார். பின்னால் நின்ற மூன்று பெண்களும் இதில் கலந்துகொண்டார்கள். வெள்ளை வைன் ஊற்று என்றாள் ஒருத்தி. ஒன்றும் ஊற்றாதே, தக்காளி போடு என்றாள் அடுத்தவள். மூன்றாமவள் எங்கள் இருவரையும் மேலும் கீழும் பார்த்துவிட்டு, "பாவம், இவர்கள் வீட்டில் பெண்கள் இல்லைப் போல" என்றாளாம். தவம் இதை எனக்கு மொழிபெயர்த்தபோது காதுவரை சிவந்திருந்தான்.

வியாழக்கிழமை பல்கனியில் சிறிய காஸ் அடுப்பு ஏறியது. நான் வாத்தியார் மாதிரி ஒரு முக்காலியில் உட்கார்ந்துகொண்டேன். இறைச்சித் துண்டை மாவில் புரட்டு. எண்ணெய் நன்றாகச் சூடான பிறகு போடு. நெருக்கிப் போடாதே, நெருக்கினால் தண்ணீர் விடும். எல்லாப் பக்கமும் நிறம் பிடித்ததும் எடுத்து வை. அதே சட்டியில் வெங்காயம். பிறகு கறுப்பு பியர், அடியில் ஒட்டியதைச் சுரண்டு, அதில்தான் ருசி. இறைச்சியைத் திரும்பப் போடு. ஒரு பிடி பார்லி, கரட், பிரிஞ்சி இலை. மூடி வை. இரண்டு மணிநேரம் திறந்து திறந்து பார்க்காதே. கடைசியில் கிழங்கு. அவ்வளவுதான். கருவாட்டுக் குழம்பு வைக்கத் தெரிந்தவனுக்கு இது விளையாட்டு.

நான் கரட் சீவப் போய்த் திரும்பி வருவதற்குள் நடந்தது நடந்துவிட்டது. சட்டியைத் திறந்தால் உள்ளே கோயில் திருவிழா மஞ்சள்.

"தவம், உதென்ன மஞ்சள்?"

"எங்கை?"

"உங்கை, சட்டிக்குள்ளை!"

எட்டிப் பார்த்தான். அவனுக்கும் திகைப்பு. "நான் மஞ்சள் போடேல்லை, மச்சான். இறைச்சி கழுவினது மட்டும்தான்."

"மஞ்சள் போட்டுக் கழுவினீரோ?"

"பின்னை? கழுவாமல் காய்ச்சிறதே?"

அவன் பொய் சொல்லவில்லை. எங்கள் வீடுகளில் மீனோ இறைச்சியோ எது வந்தாலும் முதல் வேலை மஞ்சளும் உப்பும் போட்டுப் பிசைந்து கழுவுவதுதான். அது சமையலில் சேர்த்தியே இல்லை, குளித்துவிட்டுக் கோயிலுக்குப் போவது மாதிரி. அவன் கணக்கில் அந்த ஸ்டூவில் மஞ்சள் இல்லவே இல்லை. சட்டியில் மட்டும்தான் இருந்தது.

இனி ருசி பார்க்க வேண்டும். அதற்குத்தான் கீழ்மாடியில் தொத்தோ இருந்தார். ஓய்வுபெற்ற பஸ் சாரதி. பெரிய வயிறு, அதைவிடப் பெரிய குரல். இந்த ஊரில் பல்கனிக்குப் பல்கனி கயிற்றில் கட்டிய கூடை தொங்கும். படியிறங்கச் சோம்பல்படும் சனம் கூடையை இறக்கிப் பாண் ரொட்டியும் பாலும் வாங்கிக்கொள்வார்கள். தவம் ஒரு கிண்ணத்தில் ஸ்டூவை ஊற்றி, மூடி, கூடையில் வைத்து மெல்ல இறக்கினான். தொத்தோ இரண்டு கையாலும் வாங்கினார். நாங்கள் இருவரும் பல்கனிக் கம்பியில் வயிற்றை அழுத்திக்கொண்டு கீழே பார்த்தோம்.

கொஞ்ச நேரத்தில் கயிறு ஆடியது. இழுத்தோம். கிண்ணத்தில் பாதி அப்படியே இருந்தது. கீழேயிருந்து குரல் வந்தது. வாசுகியின் மகள் துவாரகா, பதினாறு வயது, உள்ளேயிருந்து வந்து மொழிபெயர்த்தாள்.

"கல்யாண வீட்டுச் சாப்பாடு மாதிரி இருக்காம், மாமா. ஆனா ஆற்றை கல்யாணம் எண்டு விளங்கேல்லையாம்."

தவத்தின் முகம் விழுந்துவிட்டது. நான் துவாரகாவை அப்பால் கூட்டிப்போய்ப் பேச்சை மாற்றினேன். எல்லோருக்கும் எவர்சில்வர், எனக்கு மட்டும் ஏன் காகிதம் என்று சும்மா கேட்டேன்.

"மாமா, டப்ளினிலை நீங்கள் மான்ஸோ சாப்பிடுறனீங்களாம். அம்மாவின்ரை சிநேகிதி சின்ரா அன்ரி, நீங்கள் ஸ்டூவும் கரண்டியுமாய் நிக்கிற படத்தைக் கண்டவவாம். அதாலை அம்மா கோப்பை தரமாட்டா. விளங்கிச்சுதோ, கப்பீத்தோ? நான் சொன்னதெண்டு சொல்லிப்போடாதேங்கோ."

மான்ஸோ என்றால் மாட்டிறைச்சி. எனக்குச் சுரீர் என்றது. பதினெட்டு வருடம் மாதாமாதம் தொலைபேசியில் பேசுகிற தங்கை ஒரு வார்த்தை என்னிடம் கேட்கவில்லை. எவளோ படத்தில் கண்டதைப் பிடித்துக்கொண்டு காகிதத் தட்டு வாங்கி வைத்திருக்கிறாள். கேட்காதவளிடம் நான் ஏன் போய்ச் சொல்ல வேண்டும் என்று எனக்கும் பிடிவாதம் வந்தது. அன்று இரவு காகிதத் தட்டில் இரண்டாவது முறை இடியப்பம் கேட்கவில்லை.

வெள்ளிக்கிழமை வாசுகிக்கு விரதம். பல்கனியிலும் இறைச்சி கூடாது. தவத்துக்கும் வேலையில்லாத நாள். கடற்கரைக்குப் போய் வருவோம் என்று ஸ்ஃபெர்ராகவால்லோவுக்குப் பஸ் ஏறினோம். பலெர்மோவில் பஸ் அட்டவணை என்பது ஒரு விருப்பம் மட்டும்தான். நாற்பது நிமிடம் நின்றபின் ஒன்றன்பின் ஒன்றாக மூன்று பஸ் வந்தன. நாங்கள் ஏறியது ஒரு சந்தியில் நின்றுவிட்டது. ஒரு கார் தெருவை மறித்து நின்றது. சொந்தக்காரர் தலைமுடி வெட்டிக்கொண்டிருந்தார். சாரதி ஹோர்ன் அடித்தார். சலூனிலிருந்து துணி போர்த்த மனிதர், பாதித்தலை வெட்டியபடி வந்து, காரை ஒதுக்கிவிட்டு, எங்களுக்கெல்லாம் கையசைத்துவிட்டுத் திரும்பிப் போனார். பஸ்ஸில் ஒருவரும் கோபப்படவில்லை. பாதி வெட்டு நன்றாகத்தான் இருக்கிறது என்று ஓர் அம்மாள் அபிப்பிராயம் சொன்னார்.

கடற்கரையில் வரிசையாக மீன் உணவகங்கள். வெள்ளிக்கிழமை என்பதால் எங்களுக்கு மணம் மட்டும்தான். பாணுக்குள் கடலைமாவுப் பொரியலை வைத்துத் தருகிற ஒரு வண்டிக்காரனைப் பிடித்தோம். எலுமிச்சம்புளி பிழிந்து கடித்தால், நம்மூர் பஜ்ஜிக்குப் பாண் சட்டை போட்டுவிட்ட மாதிரி. ஆளுக்கு இரண்டு வாங்கிக்கொண்டு மதிலில் உட்கார்ந்தோம். கடல் பச்சையாகக் கிடந்தது.

தவம் ஒன்றை மட்டும் மெதுவாகக் கொறித்துக்கொண்டிருந்தான்.

"மச்சான், நான் பீனாவுக்கு ஏலாதெண்டு சொல்லப்போறன்."

"ஏன்?"

"ருசி பாக்காமல் என்னெண்டு சமைக்கிறது? தொத்தோவை ஒவ்வொரு நாளும் கயித்திலை கட்டிக்கொண்டே திரியிறது? நீங்கள் சாப்பிட்டுப் பழகினனீங்கள். உங்களுக்கு நாக்குச் சொல்லும். எனக்கு ஆர் சொல்லுறது?"

அவன் இரண்டாவது பாணை மதிலில் ஒதுக்கி வைத்தான். ஆறு வருடம் ஈரக்கையோடு நின்று அந்த அடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்த மனிதன். அவனை அப்படிப் பார்க்க என்னால் முடியவில்லை. வீம்பையெல்லாம் ஒதுக்கிவிட்டு உண்மையைச் சொன்னேன்.

"தவம், நானும் சாப்பிடுறேல்லை."

"என்ன?"

"பதினெட்டு வருசமாய் ஒரு கரண்டி வாயிலை வைச்சதில்லை. கதிர்காமத்தானாணை."

என் முகத்தையே பார்த்தான். பிறகு சிரிக்கத் தொடங்கினான். பாண் புரையேறி, முதுகில் தட்டி, கண்ணில் தண்ணீர் வந்து, அப்போதும் சிரித்தான். கடலைமா வண்டிக்காரன் தண்ணீர்ப் போத்தலோடு ஓடிவந்தான்.

"அப்ப என்னெண்டு மச்சான்? எழுபது பேருக்கு?"

"கோப்பையைப் பாத்துத்தான். தொடக்கத்திலை பாதிக் கோப்பை திரும்பி வரும். தண்ணியாய் நிண்டால் கரண்டி மட்டும் நனைஞ்சிருக்கும். உப்புக் கூடினால் பக்கத்திலை தண்ணிக் கிளாஸ் காலியாயிருக்கும். இறைச்சி இறுகினால் ஓரத்திலை மென்று வைச்சிருப்பினம். ஒவ்வொரு புதனும் நிண்டு பாத்தன். ஒரு வருசத்திலை கோப்பை வெறுமையாய் வரத் தொடங்கிச்சுது."

அவன் சிரிப்பு நின்றுவிட்டது. நான் விடவில்லை.

"நீர் ஆறு வருசமாய்ப் பீனாவின்ரை கோப்பையளைத்தானே கழுவுறீர். அவையின்ரை கோப்பை என்ன சொல்லுமெண்டு உம்மைவிட ஆருக்குத் தெரியும்?"

தவம் கடலைப் பார்த்தான். மெதுவாகச் சொல்லத் தொடங்கினான். பீனாவின் தம்பி கரட்டைப் பெரிதாகக் கண்டால் ஒதுக்கிவிடுவார். மகளுக்கு வெங்காயம் கண்ணுக்குத் தெரியக்கூடாது. ஐரிஷ் மருமகன் கொழுப்பை வெட்டித் தட்டின் ஓரத்தில் வைப்பான். பீனா எதுவென்றாலும் பாணால் துடைத்துத்தான் முடிப்பார். துடைக்க ஒன்றும் இல்லாத தண்ணிக் குழம்பென்றால் பாண் துண்டு தொடாமலே திரும்பி வரும். சொல்லச் சொல்ல அவன் முதுகு நிமிர்ந்தது. இரண்டாவது பாணையும் எடுத்துக் கடித்தான்.

"மச்சான், நீங்கள் சாப்பிடுறேல்லை எண்டு வாசுகிக்குத் தெரியுமே?"

"தெரியாது. நீரும் சொல்ல வேண்டாம். அவள் தானாக் கேட்கட்டும்."

சனிக்கிழமை மறுபடி பல்கனி. இந்தத் தடவை நான் முக்காலியில் இருந்தேனே தவிர வாய் திறக்கவில்லை. தவம் கரட்டைக் குன்றிமணியாக வெட்டினான். வெங்காயத்தைக் கரைந்துபோகுமளவு வதக்கினான். கொழுப்பைச் சீவி எறிந்தான். பார்லி இரண்டு பிடி. என் டப்ளின் கிழங்கில் இரண்டை மசித்துக் கலந்தான். பாணுக்குத் தக்க கெட்டியாக வரவேண்டுமாம். டப்ளினில் யாரும் இவ்வளவு கெட்டியாகச் செய்வதில்லை. சொல்ல வாயெடுத்து மூடிக்கொண்டேன். சட்டியின் சத்தம் தடபுடலென்று இருந்தது, பிறகு முணுமுணுப்பானது. அவன் காதைச் சாய்த்து அதைக் கேட்டுக்கொண்டிருந்தான்.

கூடை இறங்கியது. நீண்ட நேரம் கீழே ஒரு சத்தமும் இல்லை. வாசுகிகூடக் குசினி வாசலில் வந்து நின்றாள். கயிறு ஆடியது. இழுத்தோம். கிண்ணம் கழுவி வைத்தது போல இருந்தது. உள்ளே இரண்டு எலுமிச்சம்பழம்.

"கழுவித்தான் அனுப்பினாரோ?" என்றேன்.

தவம் கிண்ணத்தைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தான். "இல்லை மச்சான். பாணாலை துடைச்சது. இஞ்சை பாருங்கோ கோடு."

அதற்குள் தொத்தோ கீழேயிருந்து கூப்பிட்டார். கூடையை இறக்கி இழுத்தால், கிண்ணத்துக்குப் பதிலாக ஒரு பெரிய வெறும் சட்டி வந்தது.

ஞாயிற்றுக்கிழமை காலை, போகவேண்டிய நேரத்துக்குப் பஸ் வரவே வராது என்று தெரிந்தது. தவத்தின் ஸ்கூட்டரில் ஏறினோம். முன்னால் காலுக்கிடையில் கிழங்கும் கரட்டும். முதுகில் சட்டியைக் கட்டிக்கொண்டு பின்னால் நான், மடியில் மூன்று கிலோ மாட்டிறைச்சி. கபோ சந்தையின் கல்பாவிய சந்துகளில் அந்த வண்டி துள்ளிய துள்ளலில் பொட்டலத்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டேன். பதினெட்டு வருடம் நான் ஒதுங்கியிருந்த சாமானோடு இவ்வளவு நெருக்கம் எனக்கு அன்றுதான். ஒரு சந்தியில் பொலிஸ்காரர் எங்களைப் பார்த்தார், சட்டியைப் பார்த்தார், "மதியச் சாப்பாடா?" என்று கேட்டார். தவம் ஓமென்று தலையாட்டினான். எதிரே வந்த கார்களை மறித்து எங்களுக்கு வழிவிட்டார்.

உணவகத்துச் சமையலறையில் தவம் இறைச்சியைத் தண்ணீரில் போட்டான். அவன் கை தன்பாட்டுக்குச் சட்டைப்பைக்குப் போனது. நான் பாய்ந்து மணிக்கட்டைப் பிடித்தேன். மஞ்சள் பொட்டலத்தை வாங்கி என் காற்சட்டைப் பைக்குள் திணித்துக்கொண்டேன்.

மேசையில் ஒன்பது பேர். ஒன்பது தட்டும், மிச்சத்தோடு சட்டியும் போனது. சமையலறைக் கதவுக்குப் பின்னால் நாங்கள் நின்றோம். தவம் ஈரமில்லாத கையைத் துடைத்துக்கொண்டே இருந்தான். வெளியே முதலில் பேச்சு, பிறகு கரண்டிச் சத்தம், பிறகு ஒன்றுமே இல்லை. அமைதி நல்லதா கெட்டதா என்று எனக்கு விளங்கவில்லை. டப்ளினில் எங்கள் ஆட்கள் அமைதியாகத்தான் சாப்பிடுவார்கள். இந்த ஊரில் அமைதி என்பது யாருக்கோ ஆபத்து.

தட்டுகள் வந்தன. தவம் ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தான். தம்பியின் தட்டில் கரட் இல்லை. மகளின் தட்டில் வெங்காயம் இல்லை. மருமகனின் தட்டில் கொழுப்பு இல்லை. அவனும் இந்த ஊர்ப் பழக்கத்தில் பாணால் துடைத்திருந்தான். எட்டுத் தட்டு. எட்டிலும் பாண் இழுத்த கோடு.

ஒன்பதாவது வரவில்லை.

கதவு திறந்தது. பீனாதான். கையில் ஒரு தட்டு. நிறைந்து, ஆவி பறந்துகொண்டு, தொடாமல் இருந்தது. தவத்தின் நிறமே மாறிவிட்டது.

"இது உனக்கு" என்றார் பீனா. "என்னுடையதைச் சாப்பிட்டு முடித்துவிட்டேன். என் சமையலறையில் முதல்நாள் சமைத்தவன் எங்களோடு மேசையில் இருந்து சாப்பிட வேண்டும். என் தகப்பன் காலத்துப் பழக்கம். வா."

தவம் அதை எனக்குத் தமிழில் சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்த்தான். நான் அவனைப் பார்த்தேன். ஓர் ஓமில் எல்லாம் முடிந்துவிடும். ஒரு கரண்டிதானே என்று எனக்கே தோன்றியது. வெட்கத்தோடு இதை எழுதுகிறேன்.

தவம் தட்டை வாங்கி மெதுவாக மேசையில் வைத்தான்.

"சிஞ்ஞோரா, நான் மாடு சாப்பிடுவதில்லை. எங்கள் வீட்டில் யாரும் சாப்பிடுவதில்லை. இதில் ஒரு துளிகூட நான் ருசி பார்க்கவில்லை."

வாசலில் அந்த ஐரிஷ் மருமகனும் வந்து நின்றான். நடந்த பேச்சை எனக்கு ஆங்கிலத்தில் சொன்னது அவன்தான். பீனா நெற்றியைச் சுருக்கினார்.

"ருசி பார்க்காமல் எப்படித் தெரிந்தது?"

தவம் தொட்டிப் பக்கம் கையைக் காட்டினான்.

"ஆறு வருடமாக உங்கள் தட்டுகளைத்தான் பார்க்கிறேன். உங்கள் தம்பி கரட் ஒதுக்குவார். உங்கள் மகள் வெங்காயம் தொடமாட்டாள். உங்களுக்குப் பிடித்தால் இடப்பக்கமிருந்து வலப்பக்கம் துடைப்பீர்கள். பிடிக்காவிட்டால் பாணைப் பிய்த்து வைத்துவிட்டுப் போய்விடுவீர்கள்."

பீனா தொட்டியருகே போனார். தட்டுகளை ஒவ்வொன்றாகத் தூக்கிப் பார்த்தார். தம்பியின் தட்டில் வெகுநேரம் நின்றார். மருமகன் எனக்கு மட்டும் கேட்க ஆங்கிலத்தில் சொன்னான்: "என் அம்மா செய்வது இதைவிடத் தண்ணியாக இருக்கும். இது மேல். தயவுசெய்து அம்மாவுக்குச் சொல்லிவிடாதீர்கள்." சொல்லிவிட்டுத் தவத்துக்கு வைத்த தட்டை எடுத்துக்கொண்டு நழுவினான்.

தவம் பழக்கதோஷத்தில் குழாயைத் திறந்து பஞ்சை எடுத்தான். பீனா அவன் கையிலிருந்து அதைப் பறித்தார்.

"ஆறு வருடமாக உன் பெட்டிச் சாப்பாட்டைத் தனியாக இருந்து சாப்பிடுவாய். மனைவி மேல் அவ்வளவு பிரியம் என்று நினைத்தேன்" என்றார். பிறகு சட்டைக் கையை முழங்கைவரை மடித்துக்கொண்டு தட்டுகளைத் தானே கழுவத் தொடங்கினார். "என் வீட்டில் சமையல்காரன் தட்டுக் கழுவுவதில்லை. நாளைக்குக் கொந்தராத்தோ. இப்போது போய் உன் பெட்டியை மேசைக்குக் கொண்டுவா. நீ சாப்பிடுவதை இருந்து சாப்பிடு."

தவம் அழுதான். நானும்தான். வாசுகி கட்டித் தந்திருந்த புட்டையும் உருளைக்கிழங்குப் பிரட்டலையும் அந்தப் பெரிய மேசையில் விரித்தோம். பீனாவின் தம்பி பாணால் பிரட்டலைத் தொட்டுப் பார்த்தார். எங்களுக்கு மிஞ்சியது கொஞ்சம்தான்.

வீட்டுக்கு வந்ததும் தவம் ஒரே மூச்சில் எல்லாவற்றையும் கொட்டினான். வாசுகி ஒரு கையால் வாயைப் பொத்திக்கொண்டு கேட்டாள், துவாரகா துள்ளினாள். சந்தோசத்தில் அவனுக்கு என் தடை மறந்துபோனது.

"மச்சான் சொல்லித் தந்தவர் வாசுகி! அவரும் பதினெட்டு வருசமாய் வாயிலை வைச்சதில்லையாம். கோப்பையைப் பாத்தே பழகினவராம்!"

வாசுகி என் பக்கம் திரும்பினாள்.

"அண்ணை, நீங்கள் சாப்பிடுறேல்லையே?"

"இல்லை."

"அப்ப ஏன் ஒரு சொல்லுச் சொல்லேல்லை?"

"நீ ஏன் ஒரு சொல்லுக் கேட்கேல்லை?"

எழுந்து உள்ளே போனாள். பாத்திரம் உருளும் சத்தம் கேட்டது. திரும்பி வந்தபோது கையில் எவர்சில்வர் தட்டு. விளிம்பில் அவள் பெயர் வெட்டியிருந்தது. அது அவளுடைய தட்டு. அதை என் முன்னால் வைத்து, இடியப்பமும் சொதியும் பரிமாறினாள். கண்ணைத் துடைத்ததும் அதே கைதான். மிச்சமிருந்த காகிதத் தட்டுக் கட்டைத் துவாரகா தூக்கிக்கொண்டு பல்கனிக்குப் போய்க் கூடையில் வைத்துத் தொத்தோவுக்கு இறக்கிவிட்டாள்.

நான் சாப்பிட்டேன். கடைசிச் சொதியை விரலால் வழித்தேன்.

வாசுகி என் தட்டைப் பார்த்தாள். வேணுமா என்று கேட்காமல் இன்னும் நாலு இடியப்பம் வைத்தாள்.